பட்டா தராமல் இழுத்தடித்தால் கோர்ட் என்ன செய்யும்? வாசகர் கேள்வி - பதில்

பட்டா சம்பந்தமாக வந்திருந்த கடிதங்களை மட்டும் இந்த முறை எடுத்துக்கொண்டேன். பெயரைப் போட வேண்டாம் என்று பலரும் கேட்டிருப்பதால் மாவட்டத்தை மட்டும் குறிப்பிடுகிறேன்.

கேள்வி: ஒரு சர்வே எண்ணில் 30 சென்ட் மட்டும் கிரையம் வாங்கினேன். உட்பிரிவு செய்து பட்டா கேட்டு ஆன்லைனில் விண்ணப்பித்து, கட்டணமும் கட்டி ஒன்றரை வருடம் ஆகிறது. சர்வேயர் இன்னும் நிலத்தை வந்து பார்க்கவில்லை. ஆபீசில் கேட்டால் ‘பெண்டிங்கில் இருக்கு’ என்கிறார்கள். ஹைகோர்ட்டில் ரிட் போட்டால் பட்டா வந்துவிடும் என்று நண்பர் சொல்கிறார். உண்மையா?
- வாசகர், விழுப்புரம் மாவட்டம்

நண்பர் சொன்னது பாதிதான் சரி. ரிட் போட்டால் உங்களுக்குப் பதில் கண்டிப்பாக வரும். அந்தப் பதில் பட்டாவாகத்தான் இருக்கும் என்று யாரும் உத்தரவாதம் தர முடியாது. இதைத் தெரிந்துகொள்ளாமல் வழக்குப் போட்டு, உத்தரவையும் வாங்கி, அதற்குப் பிறகு ஏமாந்து நிற்பவர்களின் கடிதங்கள் நிறைய வருவதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

அரசமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவில் ஹைகோர்ட் பிறப்பிக்கும் மாண்டமஸ் ரிட் என்பது, சட்டப்படி தன் கடமையைச் செய்யாமல் இருக்கும் அதிகாரியைப் பார்த்து ‘உன் வேலையைச் செய்’ என்று சொல்லும் உத்தரவு. உங்கள் விண்ணப்பத்தை விசாரித்து ஒரு முடிவு சொல்வது தாசில்தாரின் கடமை. அந்த முடிவு ஆமாவா இல்லையா என்பதை அவர்தான் ஆவணங்களைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அதனால் இந்த மாதிரி வழக்குகளில் பெரும்பாலும் நடப்பது இதுதான்: முதல் விசாரணையிலேயே அரசு வழக்கறிஞர் நோட்டீஸ் பெற்றுக்கொள்வார், ‘மனுதாரரின் கோரிக்கையின் தகுதி குறித்து எந்தக் கருத்தும் சொல்லவில்லை, அவருடைய மனுவைச் சம்பந்தப்பட்டவர்களுக்கு வாய்ப்பளித்து விசாரித்து, சட்டப்படி இத்தனை வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்க வேண்டும்’ என்று எட்டு வாரமோ பன்னிரண்டு வாரமோ கொடுத்து வழக்கை முடித்துவிடுவார்கள். உங்களுடைய கேஸில் இதுவே போதும். ஏனென்றால் உங்களிடம் பத்திரம் சுத்தமாக இருக்கிறது, யாரும் ஆட்சேபிக்கவில்லை, கோப்பு நகராததுதான் பிரச்சினை.

ஆனால் ரிட்டுக்கு முன்னால் ஒரு வேலை இருக்கிறது, அதைச் செய்யாமல் போனால் கோர்ட் கேட்கும் முதல் கேள்வியிலேயே மாட்டிக்கொள்வீர்கள். ‘நீங்கள் யாரிடம், எப்போது, என்ன கேட்டீர்கள்?’ என்பதுதான் அந்தக் கேள்வி. எழுத்து மூலம் கேட்டிருக்க வேண்டும், அதிகாரி மறுத்திருக்க வேண்டும் அல்லது நியாயமான அவகாசம் கொடுத்தும் பேசாமல் இருந்திருக்க வேண்டும். பதினைந்து முறை நேரில் போய் நின்றதைக் கோர்ட்டில் காட்ட முடியாது. ஆன்லைன் விண்ணப்பத்தின் ஒப்புகைச் சீட்டு, கட்டண ரசீது, ‘நிலுவை’ என்று காட்டும் பக்கத்தின் பிரிண்ட் எல்லாம் இருக்கட்டும்; அதோடு தாசில்தாருக்குத் தனியாக ஒரு மனு கொடுங்கள். தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் தேதியோடு சீல் வாங்குங்கள். சீல் போட மறுத்தால் அன்றைக்கே தபாலில் ஒப்புகையோடு அனுப்பிவிடுங்கள்.

மனுவில் ‘தக்க நடவடிக்கை எடுக்குமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்’ என்று மட்டும் எழுதி நிறுத்துவதுதான் பலருடைய வழக்கம். என்ன நடவடிக்கை என்று சொல்ல வேண்டாமா? இப்படி எழுதுங்கள்:

‘மேற்கண்ட சர்வே எண்ணில் நான் கிரையம் பெற்ற 30 சென்ட் நிலத்துக்கு உட்பிரிவு செய்து பட்டா வழங்கக் கோரி இன்ன தேதியில் இன்ன எண்ணில் விண்ணப்பித்துள்ளேன். கிரையப் பத்திரம், மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று நகல்கள் இணைத்துள்ளேன். உட்பிரிவுக் கட்டணம் செலுத்தியுள்ளேன். இன்றுவரை நிலம் அளக்கப்படவில்லை, ஆணையும் வரவில்லை. இம்மனு கிடைத்த 30 நாட்களுக்குள் நிலத்தை அளந்து, தமிழ்நாடு பட்டா பாஸ்புக் சட்டம் 1983-ன்படி எழுத்துபூர்வமாக ஆணை வழங்கக் கேட்டுக்கொள்கிறேன்.’

இவ்வளவு போதும். ‘30 நாட்கள்’ என்பதை நானாக வைக்கவில்லை. உட்பிரிவு தேவைப்படாத பட்டா மாறுதலுக்கு 15 நாள், உட்பிரிவு தேவைப்பட்டால் 30 நாள் என்று வருவாய்த்துறையே 2011-ல் அரசாணை (எண் 210) போட்டிருக்கிறது. நீங்கள் காத்திருந்தது ஒன்றரை வருடம். கோர்ட்டில் இதைவிட வலுவான வாதம் தேவையில்லை.

மனு கொடுத்த கையோடு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு விண்ணப்பமும் போடுங்கள், பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி. ‘ஏன் தாமதம்?’ என்று கேட்காதீர்கள், விளக்கம் தர வேண்டியதில்லை என்று தட்டிக்கழிப்பார்கள். என் விண்ணப்பம் இப்போது எந்த அலுவலரிடம் இருக்கிறது, எந்தத் தேதியிலிருந்து இருக்கிறது, கோப்பில் எழுதப்பட்ட குறிப்புகளின் நகல் கொடுங்கள் என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வந்தால் அது உங்களுக்குச் சாட்சி. வராவிட்டால் அதுவும் சாட்சிதான், முதல் மேல்முறையீடும் போடலாம். சில நேரம் இந்த ஒரு விண்ணப்பம் போனதுமே சர்வேயர் போன் செய்துவிடுகிறார், வழக்குக்கே அவசியம் இருப்பதில்லை.

முதல்வர் தனிப்பிரிவு, கலெக்டரின் திங்கட்கிழமை குறைதீர்க் கூட்டம், ஜமாபந்தி (வருடாந்திர வருவாய்க் கணக்குத் தணிக்கை) எல்லாவற்றிலும் மனு கொடுக்கலாமா என்றால், கொடுங்கள். ஆனால் அவையெல்லாம் சுற்றிச் சுற்றி அதே தாசில்தார் மேசைக்குத்தான் வரும். முடிவெடுக்கும் அதிகாரம் உள்ளவரிடம் கொடுத்த மனுதான் ரிட்டுக்கு அடிப்படை.

இன்னொன்று, ரொம்பவும் ஆறப்போடாதீர்கள். பத்து இருபது வருடம் சும்மா இருந்துவிட்டு ஒரு மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்கச் சொல்லி உத்தரவு வாங்கினால் செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்று தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2008-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அது அரசு வேலை சம்பந்தமான வழக்கு என்றாலும் எல்லா மனுவுக்கும் எடுத்துக் காட்டுகிறார்கள்.

கேள்வி: மதுரை ஹைகோர்ட் கிளையில் உத்தரவு வாங்கினோம். 12 வாரத்தில் முடிவெடுக்கச் சொல்லி ஆறு மாதம் ஆகிவிட்டது. உத்தரவைக் காட்டினால் ‘மேலிடத்திலிருந்து எதுவும் வரவில்லை’ என்கிறார்கள். கோர்ட் உத்தரவுக்கே மரியாதை இல்லையென்றால் நாங்கள் எங்கே போவது?
- வாசகி, சிவகங்கை மாவட்டம்

உங்கள் கோபம் நியாயமானது. ஆனால் முதலில் ஒன்றைப் பார்த்துவிடுங்கள். உங்கள் உத்தரவின் கடைசிப் பாராவில் ‘இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து’ 12 வாரம் என்று இருக்கும், அநேகமாக அப்படித்தான் எழுதுவார்கள். அப்படியானால் நகல் தாசில்தார் கைக்குப் போன நாள்தான் கணக்கு. நீங்கள் ‘காட்டினேன்’ என்று எழுதியிருக்கிறீர்கள். காட்டியது போதாது. சான்றிட்ட நகலின் ஜெராக்ஸோடு ஒரு கடிதம் வைத்து, தேதி சீல் வாங்கியோ தபாலில் அனுப்பியோ கொடுத்திருக்க வேண்டும். அப்படிக் கொடுத்து 12 வாரம் ஆகிவிட்டது என்றால் கெடு முடிந்துவிட்டது, நேராக அவமதிப்பு வழக்குக்குப் போகலாம். கொடுக்கவில்லை என்றால் இன்றைக்கே கொடுங்கள், கெடு இன்றிலிருந்துதான் ஆரம்பிக்கும்.

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971-ன் 20-வது பிரிவின்படி அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் வழக்கு வந்தாக வேண்டும். இந்த ஒரு வருடத்தை ‘இதோ போட்டுடறேன்’ என்று சொல்லிச் சொல்லியே தவறவிடுகிறார்கள். கெடு முடிந்த நாளை நாட்காட்டியில் குறித்து வையுங்கள். அவமதிப்பு வழக்கு பதவியின் மேல் போடுவதில்லை, அதிகாரியின் பெயரிலேயே போடுவது. கெடு முடிந்தபோது அந்த நாற்காலியில் இருந்தவர் யார் என்பது தெரிய வேண்டும், தாசில்தார்கள் அடிக்கடி மாறுகிறார்கள். வழக்குக்கு முன்னால் வக்கீல் மூலம் ஒரு நோட்டீஸ் அனுப்பிப் பாருங்கள். சொந்தப் பெயரில் கோர்ட்டில் நிற்க வேண்டும் என்றதும் பல கோப்புகள் நகர்ந்துவிடும்.

இப்போது கசப்பான பகுதி. நோட்டீஸ் போனதும் அவசர அவசரமாக உங்கள் மனுவை நிராகரித்து ஒரு ஆணை வரலாம். அந்த ஆணை தப்பாகவே இருந்தாலும் அவமதிப்பு வழக்கு அத்தோடு முடிந்துவிடும். முடிவெடுக்கச் சொன்னார்கள், முடிவெடுத்துவிட்டார். தப்பான முடிவு என்றால் அதை எதிர்த்துத் தனியாகப் போக வேண்டும், அவமதிப்பு வழக்கில் அதை விசாரிக்க மாட்டார்கள். இதற்காக மனம் விட்டுவிடாதீர்கள். இத்தனை நாள் பேசாமல் இருந்தவர்கள் இப்போது காரணத்தை எழுத்தில் கொடுத்திருக்கிறார்கள். எழுத்தில் இருக்கும் காரணத்தைத்தான் உடைக்க முடியும்.

கேள்வி: பட்டா மாறுதல் விண்ணப்பத்தை ‘ஆவணங்கள் திருப்தியாக இல்லை’ என்ற ஒரே வரியில் நிராகரித்துவிட்டார்கள். என்னை விசாரிக்கவே இல்லை. ரிட் போடலாமா?
- வாசகர், ஈரோடு மாவட்டம்

போடலாம், ஆனால் அப்பீல் போடும் வழி இருக்கும்போது ஏன் இங்கே வந்தீர்கள் என்று கேட்பார்கள். பட்டா பாஸ்புக் சட்டத்தின் 12-வது பிரிவில் தாசில்தார் ஆணையை எதிர்த்து ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) மேல்முறையீடு, அதற்கு மேல் 13-வது பிரிவில் டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வு. அந்தப் படியில் ஏறிவிட்டு வருவதுதான் முறை. உங்கள் விஷயத்தில் விசாரணைக்கே கூப்பிடவில்லை, காரணமும் சொல்லவில்லை. இயற்கை நீதி (ஒருவரைக் கேட்காமல் அவருக்கு எதிராக முடிவெடுக்கக் கூடாது என்ற கொள்கை) மீறப்பட்டால் மாற்று வழி இருந்தாலும் ரிட் வரும் என்று உச்ச நீதிமன்றம் 1998-லேயே சொல்லியிருக்கிறது. இருந்தாலும் நான் அப்பீலுக்குத்தான் ஓட்டுப் போடுவேன், செலவு குறைவு. ஆர்.டி.ஓ. அந்த அப்பீலையும் கிடப்பில் போட்டால் ‘அப்பீலைக் குறிப்பிட்ட காலத்துக்குள் முடிக்கச் சொல்லுங்கள்’ என்று அப்போது ரிட் போடுங்கள். நிராகரிப்பு ஆணை தேதியிட்டு வந்திருப்பதால் அப்பீல் கெடு ஓடிக்கொண்டிருக்கிறது, தள்ளிப்போடாதீர்கள்.

கேள்வி: அப்பா இறந்து நான்கு வருடம். வாரிசுச் சான்றிதழ் வைத்துப் பட்டா கேட்டால் அண்ணன் ஆட்சேபணை மனு கொடுத்துவிட்டார். தாசில்தார் ‘சிவில் கோர்ட் போங்க’ என்று கையை விரிக்கிறார். வேண்டுமென்றே இழுத்தடிக்கிறாரா?
- வாசகி, நாமக்கல் மாவட்டம்

இல்லை அம்மா, இந்த இடத்தில் தாசில்தார் சொல்வது சட்டப்படி சரிதான். சொத்து யாருக்குச் சொந்தம் என்ற சண்டையை வருவாய்த்துறை தீர்க்கக் கூடாது. விஸ்வாஸ் ஃபுட்வேர் கம்பெனி வழக்கில் சென்னை ஹைகோர்ட்டின் இரு நீதிபதிகள் அமர்வு 2011-ல் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பட்டா என்பது உரிமைப் பத்திரம் இல்லை, வரி வசூலுக்கான வருவாய்ப் பதிவு என்றும் உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது.

ஆனால் ‘போங்க’ என்று வாயால் சொல்லி அனுப்பியதுதான் தப்பு. ஆட்சேபணை வந்திருக்கிறது, எனவே சிவில் கோர்ட்டை அணுகவும் என்று எழுத்தில் ஆணை கொடுக்கச் சொல்லிக் கேளுங்கள். அதுகூடத் தரவில்லை என்றால் அதற்கு மட்டும் ரிட் போடலாம்.

உங்களுக்கு இரண்டு வழி. அண்ணனுக்கும் பங்கு உண்டு, உங்களுக்கும் உண்டு என்பதில் தகராறு இல்லை என்றால், எல்லா வாரிசுகள் பெயரிலும் கூட்டுப்பட்டா கேளுங்கள். உங்கள் பெயரில் மட்டும் கேட்டிருந்தால் ஆட்சேபணை வரத்தான் செய்யும். உங்களுக்குப் பங்கே இல்லை என்று அவர் சொன்னால், சிவில் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குத்தான். பட்டா பதிவுகளை வைத்து அரசு மேல் வழக்குப் போட முடியாது என்று சொல்லும் பட்டா பாஸ்புக் சட்டத்தின் அதே 14-வது பிரிவு, உரிமையை விளம்பச் சொல்லி (சொத்து இன்னாருடையது என்று அறிவிக்கச் சொல்லி) சிவில் கோர்ட்டுக்குப் போகலாம், டிகிரி (கோர்ட்டின் தீர்ப்பாணை) வந்தால் அதன்படி பட்டா திருத்தப்பட வேண்டும் என்றும் சொல்கிறது. அரசையும் பிரதிவாதியாகச் சேர்ப்பதாக இருந்தால் சிவில் நடைமுறைச் சட்டம் 80-வது பிரிவு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும் (அவசரம் என்றால் கோர்ட்டின் அனுமதியோடு விலக்கு உண்டு). உரிமை விளம்புகை கேட்க மூன்று வருடக் கெடு இருக்கிறது, உங்கள் உரிமை மறுக்கப்பட்ட நாளிலிருந்து. அண்ணனின் ஆட்சேபணை மனுத் தேதியை வக்கீலிடம் மறக்காமல் சொல்லுங்கள்.

டிகிரி கையில் வந்த பிறகும் ‘எதிர்த்தரப்பு அப்பீல் போட்டிருக்காங்க’ என்று சொல்லிப் பட்டா தராமல் வைப்பார்கள். அப்பீல் போட்டதாலேயே டிகிரி நின்றுவிடாது, தடை உத்தரவு வாங்கியிருக்க வேண்டும். தடை இல்லை என்றால் டிகிரியை வைத்து மனு கொடுத்து, பிறகு மாண்டமஸ் கேளுங்கள். அந்தக் கட்டத்தில் போடும் ரிட் மிகவும் வலுவானது, ஏனென்றால் தாசில்தார் முடிவெடுக்க வேண்டியது எதுவும் மிச்சமில்லை.

ஒரு எச்சரிக்கை. அண்ணன் ஆட்சேபித்ததை மறைத்து, அரசை மட்டும் எதிர்மனுதாரராகக் காட்டி ரிட் போட்டால் சுலபமாக முடிந்துவிடும் என்று யாராவது யோசனை சொல்வார்கள். கேட்காதீர்கள். உண்மையை மறைத்தது தெரிந்தால் வழக்குத் தள்ளுபடியாகும், அபராதமும் விழும்.

கேள்வி: புறம்போக்கில் 35 வருடமாக வீடு கட்டிக் குடியிருக்கிறோம். வீட்டு வரி, கரண்ட் பில், பி மெமோ (புறம்போக்கு ஆக்கிரமிப்புக்கு வருவாய்த்துறை விதிக்கும் தண்டத்தீர்வை) ரசீது எல்லாம் இருக்கிறது. பட்டா கேட்டு கொடுக்காத மனு இல்லை. கோர்ட் வாங்கித் தருமா?
- வாசகர், திருவாரூர் மாவட்டம்

எந்தப் புறம்போக்கு என்று எழுதவில்லையே. எல்லாம் அதில்தான் இருக்கிறது. முதலில் கிராம நிர்வாக அலுவலரிடம் ‘அ’ பதிவேட்டில் உங்கள் இடம் என்ன வகை என்று பாருங்கள்.

கிராம நத்தம் என்றால் உங்கள் நிலை நல்ல நிலை. நத்தம் குடியிருப்புக்காக ஒதுக்கப்பட்டது, அரசு நிலம் என்று சொல்லி அதைப் பறிக்க முடியாது என்று ஹைகோர்ட் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. 1905-ம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டத்திலேயே நத்தத்துக்கு விலக்கு இருக்கிறது. அனுபவத்தைக் காட்டும் ரசீதுகளோடு நத்தம் பட்டா கேளுங்கள், தராமல் இழுத்தால் ரிட் போடலாம்.

ஏரி, குளம், ஓடை, வாய்க்கால் என்றால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: எந்தக் கோர்ட்டும் உங்களுக்குப் பட்டா வாங்கித் தராது. நீர்நிலைகளைக் காக்க 2007-ல் தனிச் சட்டமே வந்துவிட்டது, 2011-ல் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஊர்ப் பொது நில ஆக்கிரமிப்புகளை அகற்றத் திட்டம் வகுக்கும்படி எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. இந்த நிலையில் ரிட் போடுவது சில நேரம் வினையாகிவிடும். பட்டா கேட்டுப் போனவருக்கு, ஆக்கிரமிப்பை அகற்று என்ற உத்தரவு வந்து சேரும். நீங்கள் கேட்க வேண்டியது மாற்று இடம். நிலமற்ற ஏழை என்ற அடிப்படையில் இலவச வீட்டுமனைப் பட்டாவுக்கு மனு கொடுங்கள், அந்த மனுவைப் பரிசீலிக்கச் சொல்லிக் கோர்ட்டுக்குப் போகலாம். காலி செய்யச் சொன்னாலும் நோட்டீஸ் கொடுத்து, உங்கள் பதிலைக் கேட்டுத்தான் செய்ய முடியும். நோட்டீஸ் வந்தால் வாங்க மறுக்காதீர்கள். பதில் எழுதிக் கொடுங்கள்.

இந்த இரண்டிலும் சேராத, ஆட்சேபணையற்ற புறம்போக்கு என்றால் அரசு விதிகளுக்கு உட்பட்டு உங்களுக்கு ஒப்படை செய்யலாம், அதாவது அந்த இடத்தை உங்கள் பெயருக்கு ஒதுக்கித் தரலாம். ‘கொடுத்தே ஆக வேண்டும்’ என்று உரிமையாகக் கேட்க முடியாது, ‘என் மனுவுக்கு முடிவு சொல்’ என்று கேட்க முடியும். பி மெமோ பற்றியும் ஒரு வார்த்தை. அது நீங்கள் அங்கே இருந்தீர்கள் என்பதற்குச் சாட்சி, அதே சமயம் நிலம் அரசுடையது என்று நீங்கள் ஒப்புக்கொண்டதற்கும் சாட்சி. நத்தம் என்று வாதாடப் போகிறீர்கள் என்றால் அதை வக்கீலிடம் காட்டிவிட்டு முடிவு செய்யுங்கள்.

கேள்வி: எங்கள் காலனியில் பலருக்கு வீட்டுமனைப் பட்டா கொடுத்தார்கள், கலெக்டர் கையால் வாங்கினோம். ஆனால் இன்றுவரை மனையை அளந்து காட்டவில்லை. கிராமக் கணக்கிலும் ஏறவில்லை. பேப்பர் பெட்டியில் கிடக்கிறது.
- வாசகர், தருமபுரி மாவட்டம்

இந்தக் கடிதத்தைப் படித்ததும் மனது கஷ்டமாக இருந்தது. கொடுக்க முடியாது என்று சொல்லியிருந்தால்கூட வேறு வழி தேடியிருப்பீர்கள். கொடுத்ததாகக் கணக்குக் காட்டிவிட்டு நிலத்தைத் தராமல் வைத்திருப்பது அதைவிட மோசம்.

ஆனால் சட்டத்தின் பார்வையில் உங்கள் கேஸ்தான் இன்று வந்த கடிதங்களில் பலமானது. அரசு ஏற்கெனவே முடிவெடுத்துவிட்டது. இனி அதை நிறைவேற்ற வேண்டியதுதான் பாக்கி. அதனால் ‘பரிசீலிக்க’ என்ற உத்தரவோடு திருப்தியாகிவிடாதீர்கள். ‘மனைகளை அளந்து, கல் நட்டு, எங்களிடம் ஒப்படைத்து, கிராமக் கணக்கிலும் ஆன்லைன் பதிவிலும் ஏற்றும்படி உத்தரவிட வேண்டும்’ என்று வேண்டுகோளிலேயே எழுதச் சொல்லுங்கள். எல்லோரும் ஒரே நாளில் தாசில்தாருக்கும், ஆதிதிராவிடர் நலத்துறை மூலம் கொடுத்த பட்டா என்றால் அந்தத் தனி தாசில்தாருக்கும் மனு கொடுங்கள், ஆளுக்கொரு சீல் வாங்குங்கள். பட்டாவில் என்ன நிபந்தனை இருக்கிறது என்று படியுங்கள். குறிப்பிட்ட காலத்தில் வீடு கட்டாவிட்டால் ரத்து என்று இருந்தால், இடத்தைக் காட்டாததால்தான் கட்ட முடியவில்லை என்பதை மனுவில் இப்போதே பதிவு செய்துவிடுங்கள். நாளைக்கு அதையே காரணம் காட்டி ரத்து செய்ய வருவார்கள்.

கேள்வி: வக்கீல் வைக்க வசதியில்லை. நானே ரிட் போடலாமா?
- வாசகி, தென்காசி மாவட்டம்

போடலாம், சட்டம் தடுக்கவில்லை. ஆனால் தேவையில்லை. சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம் 1987-ன் 12-வது பிரிவில் பெண்கள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் எல்லோருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. நீங்கள் பெண் என்பதே போதும். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போங்கள், அல்லது 15100-க்கு போன் செய்யுங்கள். தென்காசிக்கு மதுரைக் கிளைதான், அங்கே ஹைகோர்ட் சட்டப்பணிகள் குழு தனியாக இருக்கிறது. போகும்போது விண்ணப்ப ஒப்புகை, சீல் வாங்கிய மனு நகல், பத்திரம், வில்லங்கச் சான்று, ஆதார், எல்லாவற்றிலும் இரண்டு செட் ஜெராக்ஸ் எடுத்துப் போங்கள். ஒரிஜினலைக் காட்டுங்கள், யாரிடமும் விட்டுவிட்டு வராதீர்கள்.